கல்லேடு கற்ற கொல்லன் மகன்

வைணவ அன்பர்களின் இல்லங்களிலே பூசைப் பேழையில் வைத்து வழிபடப்படும் சாளக்கிராமத்தை நம்மிற் பலர் கண்டிருப்போம். நேபாள நாட்டிலே, இமயமலைச் சாரலில், முத்திநாத்துக்கு அருகிற் பாயும் கண்டகி ஆற்றிலே கிடைக்கும் கரிய உருண்டைக்கல் அது. அக்கல்லின் உள்ளே அழகிய சக்கரம் ஒன்று தோன்றும். அதனைத் திருமாலின் ஆழியாகக் கண்டு அன்பர் கைகூப்புவர். இயற்கைநூல் வல்லாரோ அச்சக்கரத்தைக் கண்டு வேறோர் ஆச்சரியம் எய்துவர். வானளாவிய இமயம் எழுவதற்கு முன்னர் அவ்விடத்தே பரந்து கிடந்த கடலில் வாழ்ந்து மடிந்த ஓர் உயிரின் ஓடு விட்டுச் சென்ற அடையாளம் அது என்பர். பத்தியும் ஆராய்ச்சியும் ஒரே கல்லின்முன் வியந்து நிற்கின்றன.

அவ்வுயிருக்கு அமோனைற் என்று பெயர். இச்சுருளோடுகளைக் கையிலெடுத்து வியந்தவர் உலகெங்கும் பலர் இருந்தனர். ஆனால், இத்தகைய ஓடுகளைக் கொண்டு பூமியின் பழங்கதையை வரிசை பிறழாமல் வாசிக்கலாம் என்று செய்துகாட்டியவருள் தலையாயவர், பல்கலைக்கழக வாயிலை மிதியாத ஒரு கிராமத்துக் கொல்லரின் மகன். வில்லியம் ஸ்மித் என்பது அவர் பெயர். அவர் அடைந்த வெற்றியும், அவ்வெற்றிக்காக அவர் கொடுத்த விலையும் நம் இளைஞர்கள் அறியத்தக்கன. நம் முதியோர்கள் சிந்திக்கத்தக்கன.

சுருளோட்டின் இயல்பு

ஸ்மித்தின் வரலாற்றுக்குட் புகுமுன் அமோனைற்றைப் பற்றிச் சிறிது அறிந்துகொள்ளுதல் நன்று. நம் மீன்சந்தையிலே விற்கும் கணவாய்க்கு இது தூரத்து உறவு. மெல்லிய உடலையும் பல கைகளையும் கொண்ட இவ்வுயிர், ஆட்டுக்கடாவின் கொம்புபோற் சுருண்ட ஓட்டினுள்ளே வாழ்ந்தது. ஆட்டுக்கொம்புடைய அம்மோன் என்னும் எகிப்தியத் தெய்வத்தின் பெயரே இதற்கு வாய்த்தது. உடல் வளர வளர, அது ஓட்டின் வாய்ப்பக்கமாக முன்னேறிச் சென்று, தனக்குப் பின்னாற் சுவர் ஒன்றை எழுப்பிக்கொள்ளும். இவ்வாறு அறை அறையாக ஓடு நீளும். உயிர் குடியிருந்தது கடைசி அறையில் மட்டுமே; மற்றைய அறைகள் காற்று நிரம்பி, நீரில் மிதப்பதற்கு உதவின. அறைச்சுவர்கள் ஓட்டைத் தொடும் விளிம்புகள் இலை ஓரம்போல் நெளிந்து நெளிந்து செல்லும். அந்நெளிவும், ஓட்டின் மேலுள்ள வரம்புகளும் முடிச்சுகளும் இனத்துக்கு இனம் வேறுபடும். ஆகவே, பழகிய கண் ஓர் அமோனைற்றை மற்றொன்றிலிருந்து எளிதிற் பிரித்தறியும்.

இக்குலத்தின் முன்னோர் ஏறக்குறைய 40 கோடி ஆண்டுகளுக்கு முன்னர்த் தோன்றினர். அக்குலம் மிகச் செழித்த காலங்களுள் ஒன்று ஜுராசிக் காலம். அது ஏறக்குறைய 20 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 14½ கோடி ஆண்டுகளுக்கு முன் முடிவுற்றது. 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்னர், பெரும் பல்லியினங்களாகிய டைனோசர்கள் அழிந்த அதே பேரழிவிலே அமோனைற்றுக் குலமும் அற்றுப்போயிற்று. அதன் சுற்றத்தாருள் ஒன்றாகிய பெலம்னைற் என்பதும், துப்பாக்கிக் குண்டுபோன்ற கூரிய கற்களை மட்டும் எச்சமாக விட்டுவிட்டு மறைந்தது. வெளியே சுருளோடுடைய நோட்டிலஸ் என்னும் உறவினம் மாத்திரம் இன்றும் இந்து, பசிபிக் சமுத்திரங்களின் ஆழங்களில் உயிர்வாழ்கின்றது.

இங்கிலாந்துக் கிராமத்தவர் பெலம்னைற்றை இடியோடு விழுந்த கல் என்று கருதினர். அந்நாட்டின் வடகிழக்குக் கரையிலுள்ள விற்பி என்னும் ஊரிலே, ஹில்டா என்னும் துறவியம்மை பாம்புகளைக் கல்லாக்கினார் என்றும், அமோனைற்றுகள் அப்பாம்புகளே என்றும் கதை வழங்கிற்று. கல்லிலே தலையைக் காணோமே என்று கேட்போருக்காக, வியாபாரிகள் பாம்புத்தலை செதுக்கி விற்றதுமுண்டு! கற்றவர்களோ அவற்றைக் கண்ணாடிப் பெட்டிகளில் அழகுக்காக அடுக்கி வைத்தனர். எந்தக் கல் எந்தப் பாறைப்படையிலிருந்து எடுக்கப்பட்டது என்று குறித்து வைத்தவர் அரியர்.

இளமை

வில்லியம் ஸ்மித் 1769 ஆம் ஆண்டு மார்ச் மாதம் 23 ஆம் திகதி, ஒக்ஸ்போர்ட் மாவட்டத்தைச் சேர்ந்த சேர்ச்சில் என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் ஜோன் ஸ்மித் ஊர்க்கொல்லர். மைந்தனுக்கு எட்டு வயது ஆகுமுன்னரே, அல்லது ஆகும் தறுவாயிலே, தந்தையார் காலமானார். பின்னர்ச் சிறுவன் கமக்காரராகிய தந்தையாரின் உடன்பிறந்தாரின் ஆதரவில் வளர்ந்தான். கற்ற கல்வி கிராமப் பாடசாலைக் கல்வியே.

அவ்வூர்ப் பால்காரப் பெண்கள் வெண்ணெய் நிறுப்பதற்கு ஒருவகை உருண்டைக் கற்களைப் படிக்கல்லாக உபயோகித்தனர். உற்றுநோக்கினால் அவற்றின்மேல் ஐந்து இதழ்போன்ற கோடுகள் தெரியும். அவை கல்லாய்ப்போன கடல் முள்ளெலிகள். சிறுவர் கோலியடிப்பதற்குப் பொறுக்கிய சிறு கற்களும் பழங்கடலின் சிப்பியினங்களே. விளையாட்டுக் கற்களை வில்லியமும் பொறுக்கினான். கல் பொறுக்கித் திரியும் பிள்ளையைக் கண்டு அவ்வுறவினர் மனம் மகிழவில்லை. ஆயினும், கேத்திரகணித நூல் வாங்கச் சிறிது பணம் கொடுத்தார். அந்நூல்களைப் பையன் தானாகவே படித்து, நில அளவையின் அடிப்படையைக் கற்றுக்கொண்டான்.

1787 இல் எட்வேட் வெப் என்னும் நில அளவையாளர் அவ்வூர் நிலங்களை அளக்க வந்தார். பதினெட்டு வயது இளைஞனின் கூர்மையைக் கண்டு அவனைத் தம் உதவியாளனாக ஏற்றுக்கொண்டார். அளவுச் சங்கிலியைப் பிடித்து வயலிலும் குன்றிலும் நடந்த அந்நாட்களே ஸ்மித்தின் பல்கலைக்கழகமாயின. மண்ணின் நிறம் எங்கே மாறுகின்றது, ஊற்று எந்த மட்டத்திலே கசிகின்றது, எந்தக் குன்றின் அடியில் எந்தக் கல் கிடைக்கின்றது என்பனவெல்லாம் அவர் குறிப்பேட்டில் ஏறின.

சுரங்கமும் கால்வாயும்

1791 இல் சமர்செற் பகுதியிலே ஒரு காணியை மதிப்பிடும் வேலை அவருக்குக் கிடைத்தது. அங்கு அவர் நடந்தே சென்றார். அப்பகுதி நிலக்கரி விளையும் நாடு. அங்குள்ள சுரங்கங்களில் இறங்கிய ஸ்மித், கரிப்படைகளும் அவற்றின் இடையேயுள்ள கற்படைகளும் எப்பொழுதும் ஒரே ஒழுங்கிலே அமைந்திருப்பதைக் கண்டார். சுரங்கத் தொழிலாளர் ஒவ்வொரு படைக்கும் ஒரு பெயர் இட்டு, அடுத்து வருவது எது என்பதையும் அறிந்திருந்தனர். ஆனால், கரிப்படைகளுக்கு மேலே கிடந்த செம்மண்ணுக்கு மேற்பட்ட நிலத்தில் ஓர் ஒழுங்கும் இல்லை என்பது அவர்கள் கருத்து. அங்கேயும் ஒழுங்கு இருத்தல் கூடாதோ என்ற வினா இருபத்திரண்டு வயது இளைஞரின் உள்ளத்திலே பற்றிக்கொண்டது.

அவ்வினாவுக்கு விடை காணும் வாய்ப்பையும் காலம் அளித்தது. கரியைச் சந்தைக்குக் கொண்டுசெல்வதற்குக் கால்வாய் ஒன்று வெட்டச் சுரங்க உரிமையாளர் முடிவு செய்தனர். அதன் வழியை அளக்கும் பணி 1793 இல் ஸ்மித்திடம் வந்தது. கால்வாயின் கிளைகள் இரண்டு, அருகருகேயுள்ள இரண்டு பள்ளத்தாக்குகளிலே செல்லவேண்டியிருந்தன. இரண்டையும் அளந்த ஸ்மித், ஒன்றிலே கண்ட படை வரிசை மற்றதிலும் அவ்வாறே அமைந்திருக்கக் கண்டார். அப்படைகள் கிடையாகக் கிடக்கவுமில்லை. ஓலைச்சுவடி ஒன்றைச் சற்றே சரித்து வைத்தால் ஏடுகள் ஒன்றின்மேலொன்று சாய்ந்து கிடக்குமல்லவா? அதுபோல அவை கிழக்கு நோக்கிச் சரிந்து, ஒவ்வொன்றாக நிலத்தின் மேல் தலைகாட்டி, அடுத்ததன் கீழ் மறைந்தன. மேற்கிலிருந்து கிழக்கே நடப்பவன் பழைய ஏட்டிலிருந்து புதிய ஏட்டுக்குச் செல்கின்றான்.

1794 இல் கால்வாய்ச் சங்கத்தார் இருவருடன், வேறு கால்வாய்களைப் பார்வையிடும்பொருட்டு, ஸ்மித் வடக்கே நியூகாசில் வரை 900 மைல் யாத்திரை செய்தார். உடன்சென்றோர் கால்வாய் மதகுகளைப் பார்த்தனர். ஸ்மித் வண்டியில் இருந்தபடியே குன்றுகளைப் பார்த்தார். யோர்க் நகரப் பேராலயத்தின் கோபுரத்தில் ஏறி நின்று, தூரத்தே தோன்றிய குன்றுகளின் உருவத்தைக் கொண்டே அவை சுண்ணக்கட்டிக் குன்றுகள் என்று துணிந்தார். அவர் துணிபு சரியாயிற்று. சமர்செற்றிலே கண்ட ஒழுங்கு நாடு முழுவதற்கும் உரியது என்ற நம்பிக்கையோடு திரும்பினார்.

சுவடு சொன்ன செய்தி

ஆயினும் ஓர் இடர் எஞ்சியிருந்தது. படைகள் பலவற்றுள் ஒன்றற்கொன்று வேறுபாடு காண்பது அரிதாயிருந்தது. நீலங்கலந்த கருங்களிமண் மேலேயும் உண்டு, நடுவேயும் உண்டு, கீழேயும் உண்டு. பொன்னிறச் சுண்ணக்கல்லும் அவ்வாறே பலமுறை வரும். நிறத்தையும் பதத்தையும் மாத்திரம் நம்பினால் எந்த ஏட்டிலே நிற்கின்றோம் என்று அறிவது எவ்வாறு?

1795 இல் கால்வாய் வெட்டத் தொடங்கினர். மண்வெட்டியின் முன்னே ஒவ்வொரு படையும் புதிதாக வெளிப்பட்டது. ஸ்மித் அங்கங்கே கிடைத்த உயிர்ச்சுவடுகளைப் பொறுக்கி, எந்தப் படையில் எது கிடைத்தது என்று தவறாமற் குறித்து வைத்தார். அப்பொழுதுதான் உண்மை தெளிவாயிற்று. களிமண்கள் ஒன்றுபோற் காணப்படினும், அவற்றினுட் கிடந்த உயிர்ச்சுவடுகள் ஒன்றல்ல. கீழ்ப்படையின் அமோனைற்றுக்கு வரம்புகள் ஒருவிதம். மேற்படையின் அமோனைற்றுக்கு வேறுவிதம். கீழே காணப்பட்ட இனம் மேலே மீண்டும் வருவதில்லை. ஆகவே, ஒரு பிடி களிமண்ணுடன் ஒரு சுருளோட்டையும் அவர் கையிற் கொடுத்தால், அக்களிமண் எந்த ஏட்டுக்கு உரியது என்று அவர் சொல்லிவிடுவார். 1796 ஆம் ஆண்டு ஜனவரி 5 ஆம் திகதி, டங்கேற்றன் என்னும் ஊரிலிருந்த விடுதியொன்றிலே தங்கியிருந்தபோது, இவ்வுண்மையை அவர் தாளில் எழுதி வைத்தார்.

இதன் பயன் அறிஞருக்கு மாத்திரம் உரியதன்று. கருங்களிமண்ணைக் கண்டு, அதன் அடியிலே நிலக்கரி உண்டென்று மயங்கிச் செல்வத்தைக் குழியிலே கொட்டியோர் அக்காலத்திற் பலர். அக்களிமண்ணிலுள்ள ஓடுகளைப் பார்த்தால், அது கரிப்படைக்கு மிகமிக மேற்பட்ட ஜுராசிக் ஏடு என்பதும், அங்கே தோண்டுவது வீண் என்பதும் விளங்கும். ஸ்மித் அவ்வாறு எச்சரித்தார். கேட்டவர் பிழைத்தனர், கேளாதவர் பணத்தை இழந்தனர்.

உயிரினங்கள் ஏன் இவ்வாறு காலத்துக்குக் காலம் மாறின என்ற கேள்விக்கு ஸ்மித் விடை கூற முயலவில்லை. அவ்விடைக்கு உலகம் 1859 இல் டார்வின் எழுதிய நூல் வரும்வரை காத்திருந்தது. கண்டதை ஒழுங்காகச் சொல்வதே தம் கடன் என்று ஸ்மித் எண்ணினார்.

அட்டவணை

1799 இல் கால்வாய்ச் சங்கம் அவரை வேலையிலிருந்து நீக்கிற்று. அவ்வாண்டின் முடிவில், பாத் நகரத்திலே, ஜோசப் ரவுண்சென்ட் என்னும் குருவானவரின் வீட்டிலே மூவர் கூடினர். மூன்றாமவர் பெஞ்சமின் றிச்சட்சன் என்னும் குருவானவர். உயிர்ச்சுவடு சேகரிப்பதில் வேட்கை மிக்கவர். அவர் அழகுற அடுக்கி வைத்திருந்த சேகரத்தை ஸ்மித் படை வரிசைப்படி மாற்றியடுக்கிக் காட்டியபோது அவர் திகைத்துப் போனார். கற்களைப் பல ஆண்டு சேர்த்தவர் அவர்; கற்களின் மொழியை அறிந்தவர் ஸ்மித். டிசெம்பர் 11 ஆம் திகதி, ஸ்மித் சொல்லச் சொல்ல, றிச்சட்சன் எழுதினார். சுண்ணக்கட்டி முதல் நிலக்கரி வரை 23 படைகளும், ஒவ்வொன்றற்குரிய உயிர்ச்சுவடுகளும் அதில் இடம்பெற்றன.

அவ்வட்டவணையைப் பிரதி செய்துகொள்ள விரும்பியோரை ஸ்மித் தடுக்கவில்லை. அது கைமாறிக் கைமாறி நாடெங்கும் சென்றது. கண்டவர் பெயர் சில பிரதிகளோடு சென்றது; சிலவற்றோடு செல்லவில்லை. அறிவை ஒளிக்காது வழங்கிய அப்பெருந்தன்மை பின்னாளில் அவருக்கே இடராயிற்று.

நாட்டின் படம்

அது முதல் ஸ்மித்தின் உள்ளத்தை ஆண்டது ஒரே எண்ணம். இங்கிலாந்து, வேல்ஸ் முழுவதற்கும், எந்த இடத்தில் எந்தப் படை மேலே கிடக்கின்றது என்று நிறந்தீட்டிக் காட்டும் படம் ஒன்று செய்யவேண்டும். அரசின் உதவியில்லை, சங்கத்தின் துணையில்லை. சதுப்பு நிலத்தில் நீர்வடித்தும், கடலரிப்பைத் தடுத்தும், 1810 இற் பாத் நகரத்து வெந்நீரூற்று தடைப்பட்டபோது அதனைச் செப்பஞ்செய்தும் சம்பாதித்த பணத்தை அவர் இப்பணியிலே செலவிட்டார். சில ஆண்டுகளில் 10,000 மைல் வரை பிரயாணஞ் செய்தார்; அதுவும் புகைவண்டி தோன்றாத காலத்தில், குதிரை வண்டியிலும் கால்நடையிலும். இராசாங்க விஞ்ஞான சங்கத்தின் தலைவராயிருந்த சேர் ஜோசப் பாங்ஸ் அவருக்கு ஊக்கமளித்தார்.

1815 இல் ஜோன் கேரி என்னும் பதிப்பாளர் படத்தை வெளியிட்டார். 15 தாள்களை ஒன்றிணைத்தால் 8½ அடி உயரமும் 6 அடி அகலமும் கொண்ட பெரும் படமாகும். 5 மைலுக்கு 1 அங்குலம் அளவு. ஒவ்வொரு படைக்கும் ஒரு நிறம்; படையின் அடிவிளிம்பிலே நிறம் செறிந்தும் மேலே செல்லச் செல்ல வெளிறியும் கையாலே தீட்டப்பட்டது. ஒரு நாடு முழுவதையும் இத்துணை விரிவாகக் காட்டிய பாறைப்படம் அதற்குமுன் இருந்ததில்லை. ஏறக்குறைய 400 பிரதிகள் வெளிவந்தன. கலைச்சங்கம் 50 கினி பரிசளித்தது.

அடுத்து, உயிர்ச்சுவடுகளாற் படைகளை அறியும் முறையை விளக்கும் நூலை 1816 முதல் பகுதி பகுதியாக வெளியிட்டார். எந்தப் படைக்குரிய உயிர்ச்சுவடோ அப்படையின் நிறத்தை ஒத்த தாளிலே அதன் சித்திரம் அச்சிடப்பட்டது. கெலவேஸ் என்னும் சிற்றூர்க் கல்லிலே கிடைத்த அமோனைற்றுகளும் அவற்றுள் இடம்பெற்றன. அக்கற்படைக்கு அவ்வூரின் பெயரை இட்டவரும் ஸ்மித்தே. ஏழு பகுதிகள் வரவேண்டிய நூல் நான்கோடு நின்றது. காரணம், வறுமை.

சிறை

பாத் நகரத்துக்கு அருகே ஸ்மித் கடன்பட்டு வாங்கிய காணியிலே கல்லுடைக்கும் தொழில் ஒன்றைத் தொடங்கியிருந்தார். கல்லைக் கண்டு நாட்டையே அறிந்தவருக்குத் தம் காணியின் கல் கைகொடுக்கவில்லை. தொழில் நட்டத்தில் முடிந்தது. மனைவியார் மனநோயால் வருந்தினார். பெற்றோரை இழந்த மருகர் ஜோன் பிலிப்ஸை வளர்த்துக் கற்பிக்கும் பொறுப்பும் அவர்மேல் இருந்தது. வாழ்நாள் முழுவதும் சேர்த்த 2,000 க்கு மேற்பட்ட உயிர்ச்சுவடுகளைப் பிரித்தானிய நூதனசாலைக்கு விற்றார். பிள்ளையை விற்பதுபோல விற்ற அச்சேகரத்துக்கு வந்த ஏறத்தாழ 700 பவுணும் கடனை அடைக்கப் போதவில்லை.

இதனிடையே வேறொரு புண்ணும் உண்டாயிற்று. 1807 இல் இலண்டனிலே புவிச்சரிதவியற் சங்கம் தோன்றியது. அதில் இருந்தோர் பெரும்பாலும் செல்வக்குடியினர். 1808 இல் அச்சங்கத் தலைவர் கிரீனோவும் பிறரும் ஸ்மித்தின் வீட்டுக்கு வந்து, படை வரிசையில் அடுக்கிய சேகரத்தைப் பார்வையிட்டனர். சென்றவர்கள் அவரை அங்கத்தவராக அழைக்கவில்லை. கைத்தொழில்போல நிலமளந்து கூலி பெறுபவர் அவர். பிறப்பாலும் கொல்லர் மகன். பின்னர்ச் சங்கத்தார் தாமே ஒரு படம் ஆக்க முற்பட்டனர். கிரீனோவின் படம் 1820 இல் வெளிவந்தது. ஸ்மித்தின் உழைப்பு அதற்கு அடித்தளமாய் இருந்தது என்பதை அன்று அது எடுத்துரைக்கவில்லை.

1819 ஆம் ஆண்டு கோடையில், கடன்காரர் தொடுத்த வழக்கினால், ஐம்பது வயதான ஸ்மித் இலண்டனிலுள்ள கிங்ஸ் பெஞ்ச் கடன்காரர் சிறையில் அடைக்கப்பட்டார். ஆகஸ்ட் 31 ஆம் திகதி விடுதலையாகி வீடு திரும்பியபோது, வீடும் பொருளும் பறிமுதலாகிவிட்டன. நாட்டின் அடிநிலம் முழுவதையும் படமாக்கித் தந்தவருக்கு அந்நாட்டிலே தலைசாய்க்க இடமில்லாமற் போயிற்று. மனைவியையும் மருகரையும் அழைத்துக்கொண்டு வடக்கே புறப்பட்டார்.

வடநாட்டு வாழ்வும் வந்த புகழும்

சில ஆண்டுகள் நிலையான வீடின்றி, ஊருக்கு ஊர் அளவை வேலை செய்து வாழ்ந்தார். மனம் கசந்து ஆராய்ச்சியைக் கைவிடவில்லை என்பதே இங்கே நாம் குறிக்கவேண்டியது. யோர்க்ஷயர் நகரங்களிலே மருகருடன் சேர்ந்து விரிவுரைகள் நிகழ்த்தினார். 1828 இல் சேர் ஜோன் ஜோன்ஸ்ரன் என்னும் பிரபு தம் ஹக்னெஸ் காணியின் மேற்பார்வையாளராக அவரை அமர்த்தினார். அருகிலுள்ள ஸ்காபரோ நகரிலே வட்டவடிவான நூதனசாலை ஒன்று 1829 இல் திறக்கப்பட்டது. சுவரைச் சுற்றியுள்ள தட்டுகளிலே, புதிய படையின் உயிர்ச்சுவடுகள் மேலும் பழையன கீழும் இருக்க, பூமியிலுள்ள ஒழுங்கிலேயே அடுக்கவேண்டும் என்பது ஸ்மித்தின் யோசனை. அக்கட்டடம் இன்றும் அங்கே நிற்கின்றது.

இதற்குள் சங்கத்திலே புதிய தலைமுறை தலையெடுத்திருந்தது. அவர்கள் கையாண்ட முறை ஸ்மித்தின் முறையே. ஆகவே மூலவரை மறைத்தல் இயலாதாயிற்று. 1831 இல் அச்சங்கம் வொலஸ்ரன் பதக்கத்தை முதன்முதலாக வழங்கத் தீர்மானித்தபோது, அதற்குரியவராக ஸ்மித்தையே தெரிந்தெடுத்தது. அப்போதைய தலைவர் அடம் செட்ஜ்விக் அவரை ஆங்கிலப் புவிச்சரிதவியலின் தந்தை எனப் போற்றினார். அங்கத்தவராக அழைக்க மறுத்த சங்கமே முதற் பதக்கத்தைச் சூட்டிற்று! 1832 இல் அரசர் ஆண்டுக்கு 100 பவுண் உபகாரச் சம்பளம் வழங்கினார். 1835 இல் டப்ளின் திரித்துவக் கல்லூரி கலாநிதிப் பட்டமளித்தது.

1834 இல் தீக்கிரையான பாராளுமன்றக் கட்டடத்தை மீண்டும் எழுப்புவதற்கு ஏற்ற கல்லைத் தேடும் குழுவிலே, 1838 இல், முதியவராகிய ஸ்மித்தும் சேர்க்கப்பட்டார். 1839 இல் பேமிங்காம் நகரில் நடைபெற இருந்த விஞ்ஞானிகள் மகாநாட்டுக்குச் செல்லும் வழியிலே நோயுற்று, ஆகஸ்ட் 28 ஆம் திகதி, நோதாம்ப்ரன் நகரிலே தமது எழுபதாவது வயதிற் காலமானார். அங்குள்ள தூய பேதுரு ஆலயத்திலே அடக்கஞ் செய்யப்பட்டார்.

விதைத்தது விளைந்தது

அவர் வளர்த்த அநாதைப் பிள்ளை ஜோன் பிலிப்ஸ் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகப் பேராசிரியரானார். பாறை ஏடுகளை உயிர்ச்சுவடுகளின் துணைகொண்டு முப்பெருங் காலங்களாகப் பகுத்து, அமோனைற்றுகள் தழைத்த நடுக்காலத்துக்கு மெசொசொயிக் என்று பெயரிட்டவர் அவரே. பிரெஞ்சு அறிஞர் டோர்பிக்னி ஜுராசிக் காலத்தைச் சிறு கட்டங்களாகப் பிரித்தபோது, ஸ்மித் பெயரிட்ட கெலவேஸ் கல்லை நினைந்து ஒரு கட்டத்தைக் கலோவியன் என்றழைத்தார். ஒரு சிற்றூரின் பெயர் இன்று உலகம் முழுவதும் வழங்குகின்றது. ஜேர்மனியிலே, ஸ்மித் பதக்கம் பெற்ற அதே 1831 இற் பிறந்த அல்பேட் ஒப்பல் என்பவர், 1856 முதல் 1858 வரை வெளியிட்ட நூலிலே, அமோனைற்றுகளைக் கொண்டு ஜுராசிக் காலத்தை இன்னும் நுண்ணிய வலயங்களாகப் பகுத்தார். இன்று வடமேற்கு ஐரோப்பாவின் ஜுராசிக் படைகளிலே எழுபதுக்கு மேற்பட்ட அமோனைற் வலயங்கள் கணிக்கப்படுகின்றன. ஒவ்வொன்றும் சராசரி பத்து இலட்சம் ஆண்டுக்கும் குறைந்த காலத்தைக் குறிக்கும். இக்குலம் விரைந்து உருமாறியது. கடல்வழியே நெடுந்தூரம் பரவியது. ஆதலினாலேயே அது காலங்காட்டும் கருவிகளுட் சிறந்ததாயிற்று.

அதே ஒப்பல் இமயத்திலிருந்து கொண்டுவரப்பட்ட அமோனைற்றுகளையும் ஆராய்ந்து, அவை ஜுராசிக் கடலுக்குரியன என்று எழுதினார். சாளக்கிராமச் சக்கரமும் அக்காலத்தின் பிற்பகுதியைச் சேர்ந்ததே. பாரதத்தின் மேற்கிலே கச்சு நாட்டு ஜுராசிக் அமோனைற்றுகளை வாகன் என்பார் 1870 களில் விரித்துரைத்தார். தமிழ்நாட்டிலே, திருச்சிராப்பள்ளிக்கு வடக்கே, அரியலூர்ப் பகுதிக் கற்களிலும் அமோனைற்றுகள் உண்டு. அவை ஜுராசிக் காலத்துக்குப் பிற்பட்டன என்று கண்டதும் இம்முறை கொண்டே. கால்வாய்க் கரையிலே கண்ட உண்மை கண்டகிக் கரைக்கும் காவிரி நாட்டுக்கும் பொருந்திற்று.

கிரீனோவின் படம் 1865 இல் மீண்டும் பதிப்பிக்கப்பட்டபோது, அது வில்லியம் ஸ்மித்தின் 1815 ஆம் ஆண்டுப் படத்தை அடிப்படையாகக் கொண்டது என்று அப்படத்திலேயே பொறிக்கப்பட்டது. அதைக் காண ஸ்மித்தும் இல்லை, கிரீனோவும் இல்லை. அவர் விற்ற உயிர்ச்சுவடுகள் இலண்டன் இயற்கை வரலாற்று நூதனசாலையிற் பேணப்படுகின்றன.

இளைஞர்களே! ஸ்மித்திடம் செல்வமில்லை, பட்டமில்லை, குலப்பெருமை இல்லை. நடக்கும் கால்களும், காணும் கண்களும், கண்டதைக் கண்ட இடத்தோடு குறித்து வைக்கும் ஒழுக்கமும் இருந்தன. பிறர் அழகென்று எடுத்துச் சென்ற அதே கல்லை அவர் எங்கே கிடைத்தது என்று கேட்டு எடுத்தார். அந்த ஒரு கேள்வி ஒரு சாத்திரத்தைப் பெற்றது. உங்கள் ஊரிலே கிணறு வெட்டும்போதும் தெரு வெட்டும்போதும் நிலம் தன் ஏடுகளைத் திறக்கின்றது. நின்று பாருங்கள், குறித்து வையுங்கள்.

பெரியோர்களுக்கும் இவ்வரலாறு ஒன்று கூறாநிற்கின்றது. ஸ்மித்தை நிலமளக்கும் வேலைக்கு அழைத்த வெப்பும், அவர் சொல்ல எழுதிய றிச்சட்சனும், அவருக்குத் தொழில் தந்த ஜோன்ஸ்ரனும் இல்லையேல் அவர் வரலாறே இல்லை. அவர் பிறப்பைப் பார்த்தவர்கள் அவரை வாயிலிலே நிறுத்தினர். அவர் திறமையைப் பார்த்தவர்கள் அவரை உள்ளே அழைத்தனர். முதற் பதக்கம் அவர் கழுத்தை அடைந்தபோது அவருக்கு வயது அறுபதைக் கடந்திருந்தது. சிறைக்குமுன் அது வந்திருந்தால் அந்நூலின் எஞ்சிய மூன்று பகுதிகளும் வெளிவந்திருக்கும். நம் மத்தியிலே கல் பொறுக்கித் திரியும் பிள்ளை எவன் என்று இன்றே தேடுவோமாக.